ஆடாத கை

பிப்ரவரி 9

குட்டிக்கு,

போனில் பேசினால் நீ பாதியில் வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது. கிழித்துப் போடலாம்தான், ஆனால் கிழிப்பதற்கு முன் எப்படியும் படித்துவிடுவாய். கூடப் பிறந்தவள், உன்னை எனக்குத் தெரியாதா? அம்மா சாப்பிட்டுவிட்டுத் தூங்குகிறாள். படுக்கை விரிப்பு வாளியில் ஊறுகிறது. இன்னும் கொஞ்சம் ஊறட்டும் என்று உட்கார்ந்து எழுதுகிறேன்.

"அம்மா கையை ஊருக்கே காட்டிட்டியே, உனக்கு வெக்கமா இல்ல?" என்று கத்தினாய். இல்லை. எனக்கு வெட்கப்பட நேரமில்லை.

அந்த இடது கையின் கதையைச் சொல்கிறேன், கேள். பக்கவாதம் வந்த அம்மாவுக்குப் பயிற்சி கொடுக்க வருகிறவர் முதல் நாளே சொன்னார்: "சும்மா விட்டுட்டா விரல் உள்ள மடங்கிப் போயிடும்மா. எதையாவது சாக்கு வச்சு அந்தக் கையப் பிடிச்சுக்கிட்டே இருங்க." அதிலிருந்து தினமும் நான்தான் அந்த விரல்களை ஒவ்வொன்றாக நிமிர்த்துகிறேன். இடுக்கில் துடைக்காவிட்டால் நாறும். நகம் வளர்ந்தால் உள்ளங்கையைக் குத்திப் புண்ணாக்கும், அதனால் வெட்டி ராவ வேண்டும். இதெல்லாம் முடிந்த பிறகும் பிடித்துக்கொண்டே உட்கார்ந்திருக்க ஒரு சாக்கு வேண்டுமே! ஒருநாள் டிராயரில் உன் பழைய நெயில் பாலிஷ் குப்பிகள் கிடந்தன. பூசினேன். அவ்வளவுதான் ஆரம்பம்.

பிறகு இரண்டு நிறத்தைக் கலக்கக் கற்றுக்கொண்டேன். பாத்திரம் தேய்க்கும் ஸ்பாஞ்சைச் சின்னதாக வெட்டி, லேசாக ஈரப்படுத்தி, அதில் ஆரஞ்சும் ஊதாவும் ஒட்டி ஒட்டிக் கோடாகத் தடவி, வெள்ளை பூசிக் காயவைத்த நகத்தின் மேல் ஒற்றி ஒற்றி எடுக்க வேண்டும். ஒவ்வொரு ஒற்றுக்கும் ஒரு மயிரிழை மேலே, ஒரு மயிரிழை கீழே. எங்கே ஆரஞ்சு முடிந்தது, எங்கே ஊதா தொடங்கியது என்று யாராலும் சொல்ல முடியாதபடி வரும். அப்படி வந்த அன்று படம் எடுத்து நெட்டில் போட்டேன். இது அம்மாவின் கை என்றோ, அம்மாவுக்கு இப்படி ஆகிவிட்டது என்றோ ஒரு வார்த்தை எழுதவில்லை. ஊரே பார்த்தது. ஒரு பார்லர்க்காரம்மாவும் பார்த்தார். "உன் கையில தொழில் இருக்கு, வந்து செஞ்சு காட்டு, சரியா இருந்தா ஒரு நாற்காலி தர்றேன்" என்கிறார்.

குட்டி, எனக்கு அந்த நாற்காலி வேண்டும். இந்த வீட்டை விட்டு ஒரு நாளின் நடுவில் வெளியே போக வேண்டும். மாடிவீட்டு அத்தை பகலில் அம்மாவைப் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார். வருஷத்துக்கு ஒருமுறை விருந்தாளி மாதிரி வந்துபோகிற நீ மட்டும்தான் குறுக்கே நிற்கிறாய்.

அக்கா


பிப்ரவரி 17

அக்காவுக்கு,

கிழிக்கவில்லை.

நான் அந்தப் படத்தை எப்படிப் பார்த்தேன் என்று உனக்குத் தெரியாது. மாத்திரை அட்டைகளை அடுக்கும் வரிசையில் என் பக்கத்தில் நிற்பவள் சாப்பாட்டு நேரத்தில் போனை நீட்டினாள். "இங்க பாருடி, எவ்வளவு அழகான கை. எவ்வளவு அமைதியா வச்சிருக்கா பாரு!" என்றாள். ஆள்காட்டி விரல் நகத்தின் நடுவில் பிளவு இருந்தது. தையல் மெஷின் ஊசி ஏறிய பிளவு. நீ எத்தனை நிறம் பூசினாலும் அது எனக்குத் தெரியும். அந்த விரலில் ரத்தத்தோடு அம்மா எனக்குப் பள்ளிச் சீருடை தைத்து முடித்தாள்.

அது என் அம்மாவின் கை என்று நான் அவளிடம் சொல்லவில்லை. "ஆமா, அழகா இருக்கு" என்றேன். சாப்பாட்டு டப்பாவை மூடிவிட்டேன்.

வாழ்நாளில் தன் கைக்கு எதையும் பூசிக்கொள்ளாதவள் அம்மா. நாம் கேட்டால் "வேலை செய்யற கைக்கு எதுக்குடி வேஷம்?" என்பாள். இப்போது பேச முடியாது, கையை இழுத்துக்கொள்ளவும் முடியாது என்பதற்காக அவளுக்கு வேஷம் கட்டுகிறாய். ஒருமுறையாவது அவளைக் கேட்டாயா?

நாற்காலிக்கு நான் குறுக்கே நிற்கவில்லை. போய் வா.

தங்கை


மார்ச் 2

குட்டிக்கு,

கேட்டேன். ஒவ்வொரு முறையும் கேட்கிறேன். அம்மாவுக்கு இப்போது இருக்கிற பேச்சு ஒரே ஒரு "ம்". வேண்டாம் என்றால் முகத்தைச் சுவர் பக்கம் திருப்பிக்கொள்வாள். பச்சைக் குப்பியைக் காட்டினால் சுவரைப் பார்ப்பாள். ஊதாவைக் காட்டினால் "ம்". வேலை செய்கிற கைக்குத்தானே வேஷம் வேண்டாம் என்றாள்? இந்தக் கைக்கு இப்போது வேலை இல்லையே. இதை எழுதவே கூடாது என்றிருந்தேன். ஆனாலும் எழுதிவிட்டேன், இருக்கட்டும்.

இனி என் கதை. பார்லருக்குப் போனேன். தோற்றுவிட்டு வந்தேன்.

கண்ணாடிச் சுவர், சுழல்கிற நாற்காலி, மேஜை மேல் விளக்கு. எதிரே ஒரு கல்லூரிப் பெண். அவள் கையை நீட்டினாள், நான் பிடித்தேன். குட்டி, அந்தக் கை ஆடியது! பேசினால் ஆடுகிறது. சிரித்தால் துள்ளுகிறது. நான் ஒற்றப் போகும் நேரம் பார்த்து அவளுக்கு மூக்கு அரிக்கிறது. போன் மணி அடித்தால் அந்தக் கையே ஓடிப் போய் எடுக்கிறது. இரண்டு நிறமும் தோல் மேலும் மேஜை மேலும் போனது. நகத்தில் விழுந்தது சேறு மாதிரி ஒரு நிறம். அழித்துவிட்டு மறுபடி பூசினேன், மறுபடியும் சேறு. "கொஞ்சம் ஆடாம இரேன்மா" என்று சொல்லிவிட்டேன். "உயிரோட இருந்தா ஆடத்தான் செய்வாங்க" என்றாள் அந்தப் பெண், விளையாட்டாகத்தான்.

பார்லர்க்காரம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "நீ இதுவரைக்கும் பொம்மைக்கா பூசிப் பழகினே?" என்று கேட்டார்.

ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். நான் அந்தப் பெண் மேலேயே பழி போட்டுவிட்டு வந்துவிடலாம். ஆனால் விஷயம் அதுவல்ல. நான் ஆடாத கையில் மட்டுமே தொழில் கற்றவள். வைத்த இடத்தில் இருக்கும் கை அது. இரண்டு வருஷமாக எனக்குப் பழகிய ஒரே கை.

அடுத்த மாத நடுவில் இன்னொரு தடவை வரச் சொல்லியிருக்கிறார். அதோடு சரி, மூன்றாவது தடவை கிடையாது. பழக எனக்கு உயிருள்ள கை வேண்டும். மாடிவீட்டு அத்தை தன் கையைத் தருகிறார். பேச்சோடு சேர்ந்து ஆடுவதில் அவர் கையை மிஞ்ச முடியாது, எனக்கு வேண்டியதும் அதுதான். ஆனால் அவர் நகத்தை எல்லாம் கடித்தே தின்றுவிட்டவர். பூச இடமே இல்லை.

நீ வா. இரண்டு நாள் உன் கையைக் கொடு. வேறு எதுவும் கேட்கமாட்டேன்.

அக்கா


மார்ச் 11

அக்காவுக்கு,

எங்கள் கம்பெனியில் நகப்பூச்சு கூடாது. வாசலில் கையை விரித்துக் காட்டிவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். நகம் சதை வரை வெட்டியிருக்க வேண்டும். சூப்பர்வைசர் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்ப்பார்.

இன்னொன்று. என் கையை நீ பார்த்து நாளாகிவிட்டது. முழு ஷிஃப்டும் ரப்பர் உறைக்குள் வியர்வையில் ஊறி, தோல் உரிந்து உரிந்து வருகிறது. பஸ்ஸில் கம்பியைப் பிடிக்கும்போது பக்கத்தில் இருப்பவர்கள் பார்க்கிறார்கள். இதைக் காட்ட எனக்கு இஷ்டமில்லை. ஷிஃப்ட் முடிந்தால் காலும் வீங்கிவிடுகிறது. அறைக்கு வந்து சுவரில் காலைத் தூக்கி வைத்துப் படுத்துக்கொள்வேன். விருந்தாளி மாதிரி வருகிறாய் என்று எழுதினாய். விருந்தாளிக்கு இவ்வளவு களைப்பு இருக்காது.

மாதக் கடைசி சனி, ஞாயிறு லீவு கேட்டிருக்கிறேன். அம்மாவைப் பார்க்க வருகிறேன். அப்படியே கை சும்மா இருந்தால் எடுத்துக்கொள்.

தங்கை


மார்ச் 30

குட்டிக்கு,

சொல்லாமல் போய்விட்டாய். பால் வாங்கிக்கொண்டு திரும்பினால் உன் பை இல்லை. மேஜையில் ரிமூவரில் நனைந்த பஞ்சு மட்டும் நீலமாகக் கிடக்கிறது. வலது கையை மட்டும் அழித்திருக்கிறாய் போல. இடது கையோடு பஸ் ஏறினாயா?

முதலில் நல்லதைச் சொல்கிறேன். உன் கையைப் போல ஆடுகிற கை உலகத்தில் இன்னொன்று இருக்காது. கோபத்தில்கூட உன் சுண்டுவிரல் தனியாகத் துடிக்கிறது. சனிக்கிழமை முழுக்கச் சேறு, ஞாயிறு காலையில்தான் பிடிபட்டது. விரல் நுனியைப் பிடித்து அடக்கப் பார்த்தேன், அதுதான் தப்பு. விரலின் அடியில், கணுவுக்குப் பக்கத்தில் தளர்வாகப் பிடித்து, அது போகும் பக்கம் கூடவே போக வேண்டும். ஒற்றும் அந்த ஒரு நொடிக்கு மட்டும் இறுக்கினால் போதும். உன் இடது கை நடுவிரலில் நீலமும் வெள்ளையும் எப்படிச் சேர்ந்தது, பார்த்தாயா? பார்த்திருக்கமாட்டாய், சன்னலையே பார்த்துக்கொண்டிருந்தாய்.

இனி கெட்டது. அம்மாவைப் புரட்டிப் படுக்கவைக்க "ஒரு கை பிடிடி" என்று கூப்பிட்டேன். "நகம் இன்னும் காயல" என்று சொல்லிவிட்டு நீ வெளியே போய்த் தெருவைப் பார்த்து நின்றாய். காய்ந்துவிட்டது, குட்டி. நான் பூசியது எப்போது காயும் என்று எனக்குத் தெரியாதா? எப்போதும் போல நான் ஒருத்தியாகவே புரட்டினேன். அம்மா வாசல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதற்குத்தான் அப்படிக் கத்தினேன். தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்றதற்கு நீ "அப்ப எனக்கும் வரட்டும்னு சொல்றியா?" என்றாய். அப்படிச் சொல்லவில்லை. ஆனால் அந்த நிமிஷம் அப்படித்தான் நினைத்தேன். களைப்பு, வேறொன்றுமில்லை.

அக்கா


ஏப்ரல் 4

அக்கா,

பஸ்ஸில் கீறிக் கீறி எடுத்தேன். நகத்தின் ஓரத்தில் கொஞ்சம் நீலம் தங்கிவிட்டது. வாசலில் சூப்பர்வைசர் பிடித்துவிட்டார். அன்று முழுக்க என்னை வரிசைக்கு வெளியே அட்டைப்பெட்டி மடிக்க வைத்தார்கள். பழி ஓரிடம், பாவம் ஓரிடம். பரவாயில்லை, உட்கார்ந்து செய்கிற வேலை. காலுக்கு ஓய்வு கிடைத்தது.

நடுவிரலைப் பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தது. அதைக் கடைசியாகத்தான் கீறினேன்.

நகம் காய்ந்துவிட்டது என்று எனக்கும் தெரியும். எனக்குப் பயம், அக்கா. அம்மாவைத் தொட பயம். எப்படிப் பிடித்தாலும் ஏதாவது உடைந்துவிடும் போல இருக்கிறது. அதைவிட, ஒரு தடவை பிடித்துவிட்டால் பிறகு என்னை விடமாட்டீர்களோ என்று இருக்கிறது. இதைப் போனில் சொல்ல என்னால் முடிந்திருக்காது.

உன் நாற்காலிக்கு நான் வேண்டிக்கொள்கிறேன். முடிந்ததும் எழுது.

குட்டி


ஏப்ரல் 19

குட்டிக்கு,

நாற்காலி கிடைத்துவிட்டது. அடுத்த மாதம் முதல் தேதியிலிருந்து வரச் சொல்லியிருக்கிறார்கள். சன்னல் ஓர நாற்காலி. சந்தோஷமாக எழுத வேண்டிய கடிதம் இது. ஆனால் உள்ளதை எழுதாமல் என்னால் தூங்க முடியவில்லை.

போக வேண்டிய அன்று காலையில் கை பழகட்டும் என்று அம்மாவின் இடது கையை எடுத்து வைத்துக்கொண்டேன். ஆரஞ்சும் ஊதாவும். நான்காவது விரலில் ஒற்றும்போது விரல் நகர்ந்து நிறம் தோலில் இழுத்துக்கொண்டது. எனக்குக் கோபம் வந்துவிட்டது. "ஆடாதேம்மா!" என்று அதட்டினேன்.

அதட்டின பிறகுதான் உறைத்தது.

அம்மாவைப் பார்த்தேன். அம்மா தன் விரலையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு என்னைப் பார்த்து, "ம்" என்றாள். நான் எதுவும் கேட்கவில்லை, அவளாகவே சொன்னாள்.

நான் என்ன செய்தேன் தெரியுமா? கூத்தாடினேனா? அத்தையைக் கத்திக் கூப்பிட்டேனா? உனக்குப் போன் செய்தேனா? இல்லை. அந்தக் கையைத் தலையணை மேல் வைத்தேன். சீப்பால் தலையை வாரிக்கொண்டேன். ஸ்பாஞ்சுத் துண்டுகளையும் குப்பிகளையும் பையில் போட்டேன். மாடிக்குப் போய், "அத்தை, வந்து உக்காருங்க, நான் போயிட்டு வந்துடறேன்" என்று சொல்லிவிட்டுப் பஸ் ஏறினேன்.

பஸ்ஸில் எனக்கு ஒரே நினைப்புதான். இதைச் சொன்னால் எல்லோரும் என்ன சொல்வார்கள்? "விரல் அசையுதா! அப்ப இனிமே விடாம கூடவே உக்காந்து தேச்சுவிடு." நீயும் அதையே சொல்வாய். நானும் ஒத்துக்கொள்வேன். நல்ல மகள் அல்லவா நான்? அப்படியே இன்னும் எத்தனை வருஷம் போகும் என்று யாருக்குத் தெரியும்.

பார்லரில் ஒரு வாயாடி அம்மா. பூசி முடிக்கிறவரை மருமகளைத் திட்டித் தீர்த்தார், இரண்டு கையையும் ஆட்டி ஆட்டி. நான் அந்தக் கை போன பக்கமெல்லாம் போனேன். பத்து விரலும் சுத்தமாக வந்தது. பார்லர்க்காரம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு நகமாகப் பார்த்துவிட்டு, "ம், இப்ப சரி" என்றார்.

மறுநாள் டாக்டரை வீட்டுக்கு வரவழைத்தேன். அவர் தட்டிப் பார்த்தார், குத்திப் பார்த்தார், "விரலை நீட்டுங்கம்மா" என்றார். ஒன்றுமில்லை. வெளியே வந்து என்னிடம் சொன்னார்: "அது வெறும் இழுப்பும்மா. நரம்பு தானா துடிக்குது. அவங்க அசைச்சதில்ல. பெரிசா எதிர்பார்க்காதீங்க."

குட்டி, அவர் அதைச் சொன்னபோது எனக்கு நிம்மதியாக இருந்தது. மனசு விட்டு ஒரு மூச்சு வந்தது, நான் வாயால் தேங்க்ஸ்கூடச் சொல்லிவிட்டேன். உள்ளே போனால் அம்மா என் முகத்தையே பார்க்கிறாள். டாக்டர் சொன்னது அவள் காதில் விழுந்திருக்கும். என் முகத்தில் இருந்ததைப் பார்த்தாளா என்றுதான் தெரியவில்லை.

பெற்றவள் கை எழவில்லை என்று நிம்மதிப்படுகிற மகளை நீ எங்காவது பார்த்திருக்கிறாயா? என்னைத் திட்டி எழுது. நீ திட்டினால் தேவலை.

அக்கா


ஏப்ரல் 24

அக்கா,

திட்ட முடியாது.

உன் கடிதத்தைச் சாப்பாட்டு நேரத்தில் படித்தேன். விரல் அசைந்தது என்ற இடத்தை இரண்டு தடவை படித்தேன். டாக்டர் சொன்ன இடத்துக்கு வந்ததும் எனக்கும் நிம்மதியாகத்தான் இருந்தது. உன் நாற்காலி போய்விடக் கூடாது என்பதற்காக இல்லை, அக்கா. அப்படி எழுதினால் அழகாக இருக்கும், ஆனால் பொய். கை எழும் என்று அவர் சொல்லியிருந்தால் நீ என்னைக் கூப்பிடுவாய், நான் வேலையை விட்டுவிட்டு வர வேண்டியிருக்கும். அது நடக்கவில்லை என்பதற்காகத்தான் நான் மூச்சு விட்டேன். நீயாவது இரண்டு வருஷம் பார்த்துவிட்டு அப்படி நினைத்தாய். நான் ஒரு நாளும் பார்க்காமலேயே நினைத்துவிட்டேன்.

பிற்பகல் முழுக்க அட்டை அடுக்கினேன். கண்ணீர் அட்டை மேல் விழக் கூடாது என்று தலையைப் பின்னால் சாய்த்துக்கொண்டு அடுக்கினேன். பக்கத்தில் நிற்பவள், "என்னடி ஆச்சு?" என்றாள். "அன்னிக்கு நீ காட்டினியே ஒரு கை, அது எங்கம்மா கை. அவங்களுக்குப் பக்கவாதம்" என்று சொன்னேன். என் பங்கு அட்டைகளையும் சேர்த்து அவளே அடுக்கினாள்.

சூப்பர்வைசரிடம் லீவு கேட்டேன். முனகினார், கொடுத்துவிட்டார். முப்பதாம் தேதி மாலை வந்து சேர்வேன், உன் முதல் வாரம் முழுக்க இருப்பேன். பிறகு மாதாமாதம் இரண்டு ஞாயிறு வருவேன். அதற்கு மேல் இப்போதைக்கு என்னால் வாக்குக் கொடுக்க முடியாது.

நீ முதல் தேதி நேரத்துக்குக் கிளம்பு. என்னைப் பார்த்துக்கொண்டு வாசலில் நிற்காதே. ஆனால் போவதற்கு முன்னால் ஒரு தடவை, என்னை வைத்துக்கொண்டு, அம்மாவைப் புரட்டிக் காட்டு. முதலில் தோளைப் பிடிக்க வேண்டுமா, இடுப்பைப் பிடிக்க வேண்டுமா என்றுகூட எனக்குத் தெரியாது.

குட்டி